வெட்டாமல் ஒரு மணி நேரம்

எங்கள் ஊரைப் படம் எடுக்க இதுவரை நான்கு இயக்குநர்கள் வந்துவிட்டார்கள். முதலில் வந்தவர் சுரங்கம் மூடியதை எடுத்தார். அடுத்தவர் போதை மாத்திரைப் பழக்கத்தை எடுத்தார். மூன்றாவதாக வந்த அம்மாள், நாங்கள் யாருக்கு ஓட்டுப் போட்டோம், ஏன் போட்டோம் என்று வீடு வீடாகக் கேட்டு, பதில் முடிவதற்குள்ளேயே வருத்தமாகத் தலையாட்டிவிட்டுப் போனார். மூன்று படமும் பரிசு வாங்கியது. எங்களுக்குத் தெருவிளக்கு ஒன்றுகூடப் புதிதாக வரவில்லை.

ஒரு லாபம் உண்டு. எங்கள் ஊரான பிரிண்டிலில் இருக்கிற அத்தனை பேருக்கும் நடிப்பு படிந்துவிட்டது. கேமராவைக் கண்டால் பெட்ரோல் பங்க் லெஸ்டர் தானாகவே தொப்பியைக் கழற்றி மார்பில் வைத்துக்கொண்டு மலையைப் பார்ப்பார். என் எதிர்வீட்டு வெர்னா டாக்கெட் சமையலறை ஜன்னலருகே போய், கழுவிய கோப்பையையே மறுபடி கழுவுவாள். "சோகமா நிக்கணுமா, யோசனையா நிக்கணுமா?" என்று கேட்டுவிட்டுத்தான் குழாயைத் திறப்பாள். நாடு முழுக்க இருக்கிற சீர்திருத்த இயக்குநர்களுக்கெல்லாம் அப்பலேச்சிய மலை என்றால் ஜன்னலோரம் பாத்திரம் கழுவுகிற பெண்மணிதான்.

நான்காவதாக வந்தவன் காஸ்பர். நியூயார்க்காரன், ஒல்லியாக இருப்பான், முப்பத்தைந்து வயது இருக்கும். சிறைச்சாலையைப் பற்றி ஒரு படம், வாடகை கட்ட முடியாமல் தெருவுக்கு வந்தவர்களைப் பற்றி ஒரு படம் என்று எடுத்துப் பேர் வாங்கியவன். கூடவே ரெனாட்டா என்ற பெண், நீளக் கம்பில் மைக்கைக் கட்டிக்கொண்டு வந்தாள். அவளுக்கு எங்கள் ஊர் உடனே பிடித்துவிட்டது, ஏனென்றால் யார் வீட்டுக்குப் போனாலும் பீன்ஸும் சோளரொட்டியும் கிடைத்தது. அவனுக்குக் கொள்கைதான் சாப்பாடு. "வெட்டுன்னாலே பொய். நான் கேமராவை ஆரம்பிச்சா, நடக்கறது நடந்து முடியற வரைக்கும் நிறுத்த மாட்டேன். இடையில வெட்டினா, பாக்கறவங்களை நான் ஏமாத்தறேன்னு அர்த்தம்," என்பான். நாங்கள் தலையாட்டுவோம். எங்கள் ஊர் பாதிரியாரும் பிரசங்கத்தை அப்படித்தான் செய்வார்.

எனக்கு இந்தப் படத்தில் ஒன்றே ஒன்று வர வேண்டியிருந்தது. எங்கள் பாலம்.

இரண்டு வருடத்துக்கு முன் வந்த வெள்ளம் அதன் நடுப்பகுதியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டது. ஓடைக்கு அந்தப் பக்கம்தான் மேரிடன். மேரிடனில்தான் டயாலிசிஸ் செய்கிற இடம். பாலம் இருந்தால் பத்து நிமிடம். இல்லாததால் மலையைச் சுற்றி ஒரு மணி நேரம், திரும்பி வர இன்னொரு மணி நேரம். என் வீட்டுக்காரர் ஓடெலுக்குச் சிறுநீரகம் இரண்டும் கையை விரித்தது, வெள்ளம் வந்த அதே குளிர்காலத்தில். திங்கள், புதன், வெள்ளி என்று வாரம் மூன்று நாள் நான்தான் ஓட்டுகிறேன். உதவி வண்டி ஒன்று இருக்கிறது என்பார்கள். அது வரும் நாளைவிட வராத நாள்தான் அதிகம்.

செப்டம்பரில் ஒரு நாள் ஓடெல் தட்டில் இருந்த வெறும் சோற்றைப் பார்த்தபடி சொன்னார்: "தேங்க்ஸ்கிவிங் பண்டிகை வரைக்கும் டயாலிசிஸுக்கு வரேன், ட்ரீமா. அதுக்கப்புறம் என்னை விட்டுடு." தக்காளி சாப்பிடக் கூடாது, உருளைக்கிழங்கு கூடாது என்று சொன்ன கோபத்தில் பேசுகிறார் என்று நினைத்தேன். இல்லை. மறுநாளும் அதையே சொன்னார், அதுவும் சிரித்த முகத்தோடு. முப்பத்தொரு வருடம் அந்த முகத்தோடு குடும்பம் நடத்தியவள் நான். அவர் சிரித்துக்கொண்டு சொன்னால் முடிவு செய்துவிட்டார் என்று பொருள். அந்தச் செய்தியை நான் யாரிடமும் சொல்லவில்லை. சொல்லி அழுகிற வழக்கம் எங்கள் வீட்டில் கிடையாது.

மாநிலத்தின் சாலைக் குழுவிடம் நாங்கள் கேட்காத கேள்வி இல்லை. "அந்தப் பாலத்தில் போக்குவரத்து மிகக் குறைவு" என்று பதில் வந்தது. குறைவாகத்தான் இருக்கும். நடுவில் பாலமே இல்லையே! விழுந்த பிறகு வந்து வண்டிகளை எண்ணியிருக்கிறார்கள், புத்திசாலிகள்.

ஆகவே தேவாலயத்து விருந்தில் எல்லாரும் ஒன்றுகூடி ஒரு திட்டம் போட்டோம். எந்தக் கேள்வி கேட்டாலும் பதில் பாலத்தில் போய் முடிய வேண்டும். காஸ்பர் லெஸ்டரிடம் அவருடைய அப்பாவைப் பற்றிக் கேட்டான். "எங்கப்பா நல்ல மனுஷன். இப்ப இருந்திருந்தா அந்தப் பாலத்தைப் பாத்து நொந்துபோயிருப்பாரு," என்றார் லெஸ்டர். கடவுளைப் பற்றிக் கேட்டான். "கடவுளும் மேரிடன் பக்கம் போகணும்னா சுத்தித்தான் போகணும்," என்றார். வெர்னா தன் பாத்திரங்களை எல்லாம் மூட்டை கட்டிக்கொண்டு, ஓடையைப் பார்த்த ஜன்னல் இருக்கிறது என்பதற்காகத் தன் மைத்துனி வீட்டுச் சமையலறையில் போய்க் கழுவினாள்.

ஒன்றும் பலிக்கவில்லை. பாலம் எந்தப் பக்கம் தெரிகிறதோ அந்தப் பக்கத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான் காஸ்பர். ஒரு நாள் பாலத்தின் உடைந்த முனையிலேயே கேமராவை வைத்தான். கடைசியில் எடுக்கப் போகிறான் என்று ஓடினேன். கிட்டே போய்ப் பார்த்தால், அங்கிருந்து திரும்பி எங்கள் வீடுகளை எடுத்துக்கொண்டிருக்கிறான்.

எனக்குப் பொறுமை போய்விட்டது. "ஏன் தம்பி, அந்தப் பாலம் உனக்கு என்ன பாவம் பண்ணுச்சு?"

காஸ்பர் சங்கடமாக நெளிந்தான். "அது... ரொம்பப் பொருத்தமா இருக்கு மேடம்."

"பொருத்தமா இருந்தா எடுக்க வேண்டியதுதானே?"

"அதான் பிரச்சனையே. ஏழை ஊரு, முனையில உடைஞ்ச பாலம். விமர்சகருங்க சிரிப்பாங்க. நானே உடைச்சு வெச்சேன்னு எழுதுவாங்க."

"நீ உடைச்சிருந்தா நல்லாருந்திருக்கும். உன் மேல கேஸ் போட்டாவது கட்டியிருப்போம்!"

ரெனாட்டா மைக் கம்பு ஆடும்படி சிரித்துவிட்டாள். அவன் சிரிக்கவில்லை. உண்மையாகவே வருந்தினான், பாவம். உண்மையாக இருக்கிற ஒன்றை, அது மிகவும் உண்மையாகத் தெரிகிறது என்பதற்காக ஒதுக்குகிறவனை நான் என்னவென்று திட்டுவது?

ஆனால் எனக்கு ஒரு பிடி இருந்தது. ஊரிலேயே நானும் ஓடெலும் வாய்ச்சண்டை போடுவதுதான் காஸ்பருக்கு ரொம்பப் பிடித்தது. அதற்கும் மேலே, நான் ஒரு தடவையாவது கேமரா முன்னால் அழ வேண்டும் என்று அவனுக்கு ஆசை. வாய்விட்டுக் கேட்க மாட்டான். ஓடெலின் உடம்பைப் பற்றி மெதுவாகக் கேட்டுவிட்டு என் கண்ணையே பார்ப்பான். நான் வெங்காயம் நறுக்கினால்கூட கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடி வருவான்.

ஒரு நாள் காபி ஊற்றிக்கொடுத்தபடி சொன்னேன். "இந்த வீட்ல அழ நேரமில்ல தம்பி. அழறது, சண்டை, மனசு விட்டுப் பேசறது எல்லாமே கார்லதான்."

அவன் கண் விரிந்தது. "கார்ல நாங்க வரலாமா?"

"வா. ஒரே ஒரு நிபந்தனை. எங்க வாசல்ல ஆரம்பிக்கணும், மேரிடன் வாசல்லதான் நிறுத்தணும். நடுவுல வெட்டக் கூடாது. வெட்டுன்னா பொய்தானே?"

கோயிலில் வரம் கிடைத்தவன் மாதிரி என் கையைப் பிடித்துக் குலுக்கினான். அந்தச் சாலை எப்படிப்பட்டது என்று அவனுக்கு அப்போது தெரியாது.

புதன்கிழமை காலை கிளம்பினோம். முன்னால் நானும் ஓடெலும், பின்னால் காஸ்பர் கேமராவோடு, அவன் பக்கத்தில் ரெனாட்டா. முதல் கால் மணி நேரம் ஓடெல் அமர்க்களம் பண்ணினார். "இடது பக்கம் பாருங்க, அது மரம். வலது பக்கம் பாருங்க, அதுவும் மரம். அடுத்த வளைவுல உங்களுக்கு ஒரு ஆச்சரியம் இருக்கு," என்றார். அடுத்த வளைவிலும் மரம்தான். நிலக்கரி லாரி ஒன்று எங்களை உரசிக்கொண்டு போனது. காஸ்பர் முகம் வெளுத்துக்கொண்டிருந்தது.

"மேடம், ஒரு நிமிஷம் நிறுத்த முடியுமா?"

"நிறுத்தினா வெட்டு ஆயிடுமே தம்பி."

"எனக்குக் குமட்டுது."

"நடக்கறது நடந்து முடியற வரைக்கும் நீ நிறுத்த மாட்டேன்னு சொன்னியே," என்றார் ஓடெல். தனக்கு வைத்திருந்த காகிதப் பையை மட்டும் பின்னால் நீட்டினார். காஸ்பர் ஒரு கையால் கேமராவையும் மறு கையால் பையையும் பிடித்துக்கொண்டான். கேமரா ஆடவில்லை. அந்த இடத்தில் அவன் மேல் எனக்குக் கொஞ்சம் மரியாதை வந்தது.

பாதி வழிக்கு மேல் யாருக்கும் பேச்சு வராது. அந்தச் சாலை அப்படி. வானொலி அங்கே எடுக்காது, செல்போனும் எடுக்காது. வண்டிச் சத்தம் மட்டும்தான். அந்த அமைதியில் ஓடெல் முன்னால் பார்த்தபடியே பேச ஆரம்பித்தார்.

"ட்ரீமா, நான் ஏன் நிறுத்தறேன்னு நீ கேக்கவே இல்ல."

"கேக்க மாட்டேன். நீ நிறுத்தப் போறதில்ல."

"ஊசிக்குப் பயந்துன்னு நெனச்சியா? அது பழகிருச்சு. போன வெள்ளிக்கிழமை திரும்பி வரப்ப நீ ரெண்டு தடவ கண்ணசந்தே. நான் பாத்துட்டுதான் இருந்தேன்."

"நான் ஒண்ணும் அசரல."

"அசந்தே. நான் வாயத் தொறக்கல. தொறந்தா அடுத்த தடவ நீ கன்னத்தக் கிள்ளிக்கிட்டு ஓட்டுவே. உள்ள நான் நாலு மணி நேரம் படுத்திருக்கேன், வெளிய நீ இந்தக் கார்லயே சுருண்டு கெடக்கே. என்னப் பொழைக்க வெக்கறேன்னு நீ சாகப் போறடி. அது எனக்கு வேண்டாம். அவ்வளவுதான்."

அந்த இடத்தில் சாலைக்கு ஓரம் கிடையாது. ஒரு பக்கம் பாறை, ஒரு பக்கம் பள்ளம். அவரைத் திட்டவும் முடியவில்லை, கட்டிப்பிடிக்கவும் முடியவில்லை. இரண்டு கையும் ஸ்டீயரிங்கில் இருந்தது. அழுதேன். மூக்கைத் துடைக்கக்கூட வழியில்லாமல், வளைவுக்கு வளைவு திருப்பிக்கொண்டே அழுதேன். ஓடெல் தன் சட்டைக் கையால் என் மூக்கைத் துடைத்துவிட்டார். இத்தனை நாளும் இவர் தனக்காகத்தான் நிறுத்துகிறார் என்று நினைத்து அவர் மேல் கோபமாக இருந்திருக்கிறேன். எனக்காக என்று தெரிந்ததும் கோபம் இன்னும் அதிகமானது.

காஸ்பர் ஆசைப்பட்ட அழுகை கிடைத்துவிட்டது. ஆனால் மேரிடனில் இறங்கியபோது அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை. ஓடெலின் பையை வாங்கிக்கொண்டு அவரோடு உள்ளே நடந்து போனான். கேமராவைக் காரிலேயே விட்டுவிட்டான்.

அதற்குப் பிறகு அவர்கள் ஊருக்குப் போய்விட்டார்கள். அக்டோபர் கடைசியில் காஸ்பர் போன் செய்தான். குரலே சரியில்லை. "பணம் போடறவங்க படத்தப் பாத்தாங்க. கார்ல போறது ரொம்ப நல்லாருக்குன்னாங்க. அதுல ரெண்டு நிமிஷம் வெச்சுக்கலாமாம்."

"ரெண்டு நிமிஷத்துல நான் வாசல்லேர்ந்து ரிவர்ஸ்கூட எடுத்திருக்க மாட்டேன்!"

"தெரியும். சண்டை போட்டேன். தோத்துட்டேன்."

"வெட்டு பொய்னு சொன்னது யாரு, உங்க மாமாவா?"

நான் போனை வைத்துவிட்டேன். மூன்றாம் நாள் அவனே காரை ஓட்டிக்கொண்டு வந்து வாசலில் நின்றான். கையில் சின்னதாக ஒரு பெட்டி. "முழுசும் இதுல இருக்கு. ஒரு வெட்டுகூட இல்ல. அவங்க படம் அவங்களோடது. இது உங்க கார்ல நடந்தது, உங்களோடது," என்றான். அவனை உட்காரவைத்து, முட்டையும் கிரேவியும் போட்டேன். அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது.

நவம்பரில், தேங்க்ஸ்கிவிங்குக்கு முந்தின வாரம், சாலைக் குழு மாநிலத் தலைநகரில் பொதுமக்களிடம் குறை கேட்கிறது. ஆளுக்கு மூன்று நிமிடம். ஒருவர் விரும்பினால் தன் மூன்று நிமிடத்தை இன்னொருவருக்குக் கொடுத்துவிடலாம், அதற்குச் சட்டத்தில் இடம் இருக்கிறது. எனக்கு ஒரு மணி நேரம் வேண்டும். ஆகவே வீடு வீடாக நிமிடம் கேட்கக் கிளம்பினேன்.

எங்கள் ஊர்க்காரர்களிடம் சமைத்த சாப்பாட்டைக் கேட்டால் கொடுத்துவிடுவார்கள், பேசுகிற நேரத்தைக் கேட்டால் உயிர் போகும். லெஸ்டர் இந்த நாளுக்காகவே இரண்டு வருடமாக ஒரு பேச்சைத் தயார் பண்ணி, பெட்ரோல் போட வருகிறவர்களிடமெல்லாம் ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார். "மூணு நிமிஷமும் வேணுமா? ஒரு நிமிஷம் நான் வெச்சுக்கறேனே," என்று கெஞ்சினார். நான் விடவில்லை. பாதிரியார் கொடுத்தபோது கண் கலங்கியது. கடைசியில் வெர்னா வீட்டுப் படி ஏறினேன். சந்தையில் நடந்த பலகாரப் போட்டியில் அவள் சுட்ட ஆப்பிள் பைக்கு நடுவராக இருந்த நான் இரண்டாம் பரிசு கொடுத்ததிலிருந்து, ஊர்க் காரியம் தவிர வேறெதற்கும் என்னோடு பேச்சுவார்த்தை கிடையாது. "எடுத்துக்கோ. எனக்கு அவங்ககிட்டயும் பேச ஒண்ணுமில்ல, உன்கிட்டயும் இல்ல," என்று சொல்லிக் கதவைச் சாத்தினாள்.

ஓடெலிடம் மட்டும் தயங்கித்தான் கேட்டேன். "அதுல நீ பேசினதும் இருக்கு. ஊரே கேக்கும்."

"போடு," என்றார். "ஏற்கெனவே பேசினதுதானே, எனக்கு மூச்சு வாங்காது." பிறகு சிரித்தார், அதே சிரிப்பு. "ஆனா இது பாலத்துக்கு. எனக்கு இல்ல. நான் சொன்னது சொன்னதுதான்."

தேவாலயத்துப் பேருந்தில் எல்லாரும் போய் இறங்கினோம். காஸ்பர் திரையையும் கருவியையும் தானே தூக்கிக்கொண்டு வந்து பொருத்தினான். மேடையில் குழு உறுப்பினர்கள் ஐந்து பேர், நடுவில் தலைவி. ஒவ்வொருவராக எழுந்து "என் நேரத்தை ட்ரீமா லில்லிக்குக் கொடுக்கிறேன்" என்று சொல்லி உட்கார்ந்தார்கள். லெஸ்டர் அதைச் சொல்லத் தொப்பியைக் கழற்றி மார்பில் வைத்துக்கொண்டார். படம் ஓட ஆரம்பித்தது.

எங்கள் வாசல், என் முழங்கை, மரம். இன்னொரு மரம். ஓடெலின் வேடிக்கைக்கு இரண்டு உறுப்பினர்கள் சிரித்தார்கள். கொஞ்ச நேரத்தில் அந்தச் சிரிப்பும் நின்றது. ஒருவர் போனை எடுத்தார். ஒருவர் நாற்காலியில் இப்படியும் அப்படியும் அசைந்தார். திரையில் மரங்கள் போய்க்கொண்டே இருந்தன.

தலைவி கண்ணாடியைக் கழற்றினார். "அம்மா, இதுல ஏதாவது நடக்குமா?"

"நடக்கும்ங்க. போய்ச் சேருவோம்," என்றேன்.

"எங்களுக்குப் புரியுது. தொலைவுதான். கொஞ்சம் வேகமா ஓட்டி, கடைசிக்குப் போயிடலாமே?"

ஓடெல் மெதுவாக எழுந்து நின்றார். "அதுக்குத்தாங்க பாலம் கேக்கறோம்."

அரங்கமே வெடித்துச் சிரித்தது. போன் வைத்திருந்த உறுப்பினர்கூட அதைக் கவிழ்த்து வைத்துவிட்டுச் சிரித்தார். தலைவி மட்டும் சிரிக்காமல், ஓடெலின் முழங்கையில் ஊசி குத்திய இடத்தில் இருந்த துணிக்கட்டைப் பார்த்தார். கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். "ஓடட்டும்," என்றார்.

ஓடியது. காஸ்பர் காகிதப் பையைப் பிடித்த இடம் வந்தது, அவன் கருவிக்குப் பின்னால் தலையைக் குனிந்துகொண்டான். பிறகு அமைதி. பிறகு ஓடெலின் குரல். ஊசிக்குப் பயந்துன்னு நெனச்சியா என்று அது கேட்டபோது எனக்குப் பின்னால் எங்கள் ஊர் முழுக்க மூச்சை அடக்கிக்கொண்டது தெரிந்தது. இவர் நிறுத்தப் போகிறார் என்பதே அவர்களுக்கு அப்போதுதான் தெரியும். நான் திரையைப் பார்க்கவில்லை, மடியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பின்வரிசையில் நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டது. வெர்னா எழுந்து நின்றிருந்தாள். முகம் சிவந்து கிடந்தது.

"ஏண்டி ட்ரீமா! மூணு நிமிஷம் கேக்க என் வீட்டுப் படி ஏறத் தெரிஞ்சுதே, திங்கக்கிழமை கொஞ்சம் காரை ஓட்டுடின்னு கேக்க உனக்கு வாய் வரலியா?"

தலைவி மேசையைத் தட்டினார். "அம்மா, உங்க நேரத்தை நீங்க ஏற்கெனவே குடுத்துட்டீங்க. நீங்க பேசக் கூடாது."

"உங்ககிட்ட யாரு பேசினா?" என்றாள் வெர்னா. "திங்கக்கிழமை நான் ஓட்டறேன்டி. நீ போய்த் தூங்கு."

"புதன் என்னோடது!" என்று கத்தினார் லெஸ்டர். பேச முடியாமல் போன ஆத்திரம் எல்லாம் அந்த ஒரு கத்தலில் இருந்தது. தலைவி மறுபடி தட்டினார். யாரும் கேட்கவில்லை. நாட்டையே கேட்ட நாங்கள், மாநிலத்தைக் கேட்ட நாங்கள், இயக்குநர்களைக் கேட்ட நாங்கள்! எதிர்வீட்டைக் கேட்க எனக்குத் தோன்றவே இல்லை. வெட்கமாக இருந்தது. அதைவிட அதிகமாக உடம்பு முழுக்கத் தூக்கம் வந்தது.

காஸ்பரும் கருவிக்குப் பின்னாலிருந்து கையைத் தூக்கினான். "நீ வேணாம் தம்பி," என்றார் ஓடெல். "காகிதப் பைக்கு எங்க போறது?"

திரையில் நாங்கள் இன்னும் மேரிடன் போய்ச் சேரவில்லை. பாலத்தைப் பற்றிய முடிவு அடுத்த கூட்டத்தில் என்று பிறகு சொன்னார்கள், அந்தக் கூட்டத்துக்கு இன்னும் தேதி குறிக்கவில்லை. ஆனால் ஓடெல் நாற்காலியில் திரும்பி, பின்வரிசையில் நின்றவளைத் தேடிப் பார்த்தார். இந்தத் தடவை முகத்தில் சிரிப்பே இல்லை.

"வெர்னா," என்றார். "திங்கக்கிழமை எத்தனை மணிக்கு வருவே?"